கனி குஸ்ருதி: பல முகங்களும் அவற்றின் கணக்கு வழக்கும்

2024 மே மாதம் கான் திரைப்பட விழாவில் பாயல் கபாடியா இயக்கிய ‘ஆல் வி இமேஜின் ஆஸ் லைட்’, விழாவின் இரண்டாவது உயரிய விருதான கிராண்ட் பிரியைப் பெற்றது. 1994-இல் ஷாஜி என். கருணின் ‘ஸ்வாஹம்’ அங்கே சென்றதற்குப் பிறகு, அந்த விழாவின் முதன்மைப் போட்டிப் பிரிவில் இடம்பெற்ற முதல் இந்தியப் படம் அது. அதில் மும்பை மருத்துவமனையொன்றில் பணிபுரியும் மலையாளச் செவிலி பிரபாவாக நடித்த கனி குஸ்ருதி யார் என்ற கேள்வி திருநெல்வேலிப் பக்கத்திலும் எழுந்தது. கேட்டவர்களில் சிலர் 2018-இல் சர்ஜுன் இயக்கிய ‘மா’ என்ற தமிழ்க் குறும்படத்தைக் கைப்பேசியில் பார்த்து, பள்ளி செல்லும் மகள் கருவுற்றிருப்பதை அறிந்து நிலைகுலையாமல் நிற்கும் அந்தத் தாயைப் பற்றிப் பேசியவர்கள்தாம். அந்தத் தாயும் இந்தச் செவிலியும் ஒருவரே என்பது அவர்களுக்கு உறைக்கவில்லை. ஒரு நடிகைக்கு இதைவிடப் பெரிய பாராட்டு இருக்க முடியாது. ஆனால் ஒவ்வொரு படத்திலும் முதலிலிருந்து அறிமுகமாக வேண்டியிருப்பது பிழைப்புக்கு எவ்வளவு பெரிய இடைஞ்சல் என்பதையும் அதே மறதி காட்டுகிறது.

கனியின் ஊர் திருவனந்தபுரம். திருநெல்வேலியிலிருந்து சென்னை 600 கிலோமீட்டருக்கு மேல். திருவனந்தபுரமோ நாகர்கோவில் வழியாக ஏறத்தாழ 150 கிலோமீட்டர். 1996 முதல் நடந்துவரும் கேரள சர்வதேசத் திரைப்பட விழாவுக்கு டிசம்பர் மாதம் பாளையங்கோட்டை, தென்காசி, கோவில்பட்டிப் பகுதிகளிலிருந்து இளைஞர்கள் இரவு ரயிலிலும் பேருந்திலும் போய்வருவது வழக்கமாகிவிட்டது. காஞ்சனை திரைப்பட இயக்கம் நெல்லையில் உலகப் படங்களைத் திரையிட்ட நாள்களிலிருந்தே இந்தச் சீமைக்கு அந்தப் பழக்கத்தின் விதை உண்டு. ஆகவே கனியின் பாதையை விளங்கிக்கொள்வது நமக்குத் தொலைதூரச் செய்தியன்று. மலையின் அந்தப் பக்கத்தில் சாத்தியமாகும் ஒன்று இந்தப் பக்கத்தில் ஏன் சாத்தியமாவதில்லை என்ற விசாரணையும் அதற்குள் அடங்கியிருக்கிறது.

அவர் 1985-இல் பிறந்தார். பெற்றோர் இருவரும் சமூகச் செயற்பாட்டாளர்கள். சாதியைக் காட்டும் பின்பெயர் வேண்டாம் என்று விட்டவர்கள். பதின்ம வயதில் விண்ணப்பப் படிவம் ஏதோ ஒரு பின்பெயரைக் கேட்டபோது, குறும்பு என்று பொருள்படும் ‘குஸ்ருதி’யை அவரே சேர்த்துக்கொண்டார். பள்ளிப் பிள்ளைகளின் மணிக்கட்டில் கட்டப்படும் கயிற்றின் நிறத்தை வைத்துச் சாதி பார்க்கும் வழக்கத்தை ஒழிக்க அரசு சுற்றறிக்கை அனுப்ப வேண்டியிருக்கும் மாவட்டத்தில் வாழ்கிறவர்களுக்கு, இப்படியொரு பெயரோடு வளர்வதன் விடுதலை எத்தகையது என்று தனியாக விளக்க வேண்டியதில்லை.

திரைக்கு வருமுன் அவர் மேடையில் கழித்த காலம் நீண்டது. திருவனந்தபுரத்து அபிநயா நாடகக் குழு ‘பகவதஜ்ஜுகம்’ என்ற பழைய சமஸ்கிருத அங்கத நாடகத்தை அரங்கேற்றியபோது, 2000-ஆம் ஆண்டிலிருந்து சில ஆண்டுகள் அதில் கணிகை வசந்தசேனையாக நடித்தார். போதாயனர் எழுதியது என்று ஒரு சாராரும், காஞ்சியை ஆண்ட மகேந்திரவர்ம பல்லவன் எழுதியது என்று மற்றொரு சாராரும் சொல்லும் நாடகம் அது. கதை வேடிக்கையானது: எமதூதன் ஆள் மாறி வசந்தசேனையின் உயிரைக் கொண்டுபோய்விடுகிறான், சீடனுக்குப் பாடம் புகட்ட நினைக்கும் துறவி தம் உயிரை அவளது உடலுக்குள் செலுத்துகிறார், தவற்றை உணர்ந்து திரும்பிவரும் தூதன், அவளது உயிரைத் துறவியின் உடலில் வைத்துவிட்டுப் போகிறான். அதாவது வசந்தசேனையாக நடிப்பவள் நாடகத்தின் முற்பாதியில் ஒயிலான கணிகையாகவும், பிற்பாதியில் அதே உடலுக்குள் அமர்ந்து தத்துவம் பேசும் கிழத் துறவியாகவும் இருக்க வேண்டும். உடை மாறாது, ஒப்பனை மாறாது. நிற்கும் விதமும் மூச்சும் பார்வையும்தான் மாற வேண்டும். பதினைந்து வயதுப் பெண்ணுக்கு இதைவிடக் கடினமான பள்ளிக்கூடம் வாய்த்திருக்காது. பிற்காலத்தில் அவரைப் பற்றிச் சொல்லப்படும் பன்முகத் தன்மையின் வேரை நான் இங்கேதான் காண்கிறேன்.

அதன்பின் திருச்சூரில் கோழிக்கோடு பல்கலைக்கழகத்தின் நாடகப் பள்ளியில் பயின்றார். பிறகு பாரிஸில் ஜாக் லெகாக் 1956-இல் தொடங்கிய நாடகப் பள்ளியில் இரண்டாண்டுகள். லெகாக் முறையின் அடிப்படை எளிது, பயிற்சிதான் கடுமை. உணர்ச்சி எதையும் காட்டாத ஒரு முகமூடியை மாணவருக்கு அணிவித்து, முகம் என்னும் வசதியை முதலில் பறித்துவிடுவார்கள். சோகமோ எதிர்பார்ப்போ எதுவாயினும் முதுகெலும்பும் தோளும் பாதமும்தான் சொல்ல வேண்டும். கோமாளி வேடத்தையும் அங்கே பாடமாகவே கற்பிக்கிறார்கள். நமது கோயில் கொடை விழாக்களில் விடிய விடிய மகுடம் என்னும் பறையின் அடிக்கு ஆடும் கணியான் கூத்தைப் பார்த்தவர்களுக்கு இது புரியும். அங்கே பெண் வேடமிட்டு ஆடும் ஆண் கலைஞர் முகபாவத்தால் பெண்ணாகிவிடுவதில்லை. இடுப்பும் காலும் பெண்ணாகின்றன.

இந்தப் பயிற்சியின் பலன் ‘ஆல் வி இமேஜின் ஆஸ் லைட்’ படத்தில் ஒரே காட்சியில் தெரியும். திருமணம் முடிந்த கையோடு ஜெர்மனிக்குப் போய்த் தொடர்பை விட்டுவிட்ட கணவனிடமிருந்து, முகவரிக் குறிப்பு ஏதுமில்லாமல், ஒரு மின்சாரச் சோற்றுப் பானை வந்து சேர்கிறது. இரவில் பிரபா அடுக்களைத் தரையில் குந்தி, அந்தப் பானையைக் கால்களுக்கிடையே இழுத்துக் கட்டிக்கொள்கிறாள். வசனமில்லை. முகத்தைப் பெரிதாகக் காட்டி அழவைக்கும் உத்தியும் இல்லை. காமமா, கோபமா, தனிமையா என்று பிரித்துச் சொல்ல முடியாத ஒன்றை வளைந்த முதுகு சொல்கிறது. கண்ணீரை நடிப்பின் அளவுகோலாக வைத்திருக்கும் நமது தொலைக்காட்சித் தொடர்களுக்குப் பழகிய கண்ணுக்கு, அங்கே நடிப்பே நிகழவில்லை என்று தோன்றினாலும் வியப்பில்லை.

பயிற்சி இவ்வளவு இருந்தும் திரையில் அவருக்குக் கிடைத்தவை நெடுங்காலம் துண்டு வேடங்களே. 2009-இல் வெளிவந்த ‘கேரளா கஃபே’ தொகுப்புப் படத்தில் தோன்றினார். 2010-இல் ‘ஷிக்கார்’, ‘காக்டெயில்’ ஆகிய மலையாளப் படங்களில் சிறு பாத்திரங்கள் வந்தன. தமிழில் ‘பர்மா’, ‘பிசாசு’ இரண்டும் 2014-இல் வெளிவந்தன. இவற்றை வரிசையாக அடுக்குவதால் பயனில்லை. எந்த ஒன்றும் அடுத்ததற்கு ஏணியாக அமையவில்லை என்பதே சொல்ல வேண்டிய செய்தி. வணிகத் திரைப்படத்தில் ஒரு நடிகையின் வளர்ச்சி நாயகனின் பெயரோடும் சம்பளத்தோடும் ஏறும்; பெரிய நிறுவனங்களைச் சாராத சிறு படங்களை நம்பியிருக்கும் சுயாதீன நடிகைக்கு அப்படியொரு படிக்கட்டு கிடையாது.

அவரது உண்மையான வளர்ச்சி குறும்படங்களில் நடந்தது. ரீமா சென்குப்தாவின் ‘கவுண்டர்ஃபீட் குங்கூ’, கணவனைப் பிரிந்து வந்து மும்பையில் வாடகைக்கு வீடு தேடும் பெண்ணின் கதை. புருஷன் இல்லாத பெண்ணுக்கு வீடில்லை என்னும் ஊரில் அவள் போலித் தாலியோடு அலைகிறாள். 2018-இல் அது அமெரிக்காவின் சண்டான்ஸ் திரைப்பட விழாவுக்குச் சென்றது. பாளையங்கோட்டையிலோ வண்ணார்பேட்டையிலோ தனியாக வீடு தேடிய எந்தப் பெண்ணும் அந்தப் படத்துக்கு மொழிபெயர்ப்பு கேட்க மாட்டாள். அதே ஆண்டில்தான் ‘மா’வும் வந்தது. இயக்குநர் சர்ஜுன் அதற்கு முந்தைய ஆண்டு எடுத்த ‘லட்சுமி’ குறும்படத்தில் லட்சுமி பிரியா சந்திரமௌலி நடித்திருந்தார். அவரும் சென்னை நாடக மேடையிலிருந்து வந்தவர். பின்னர் ‘கர்ணன்’ படத்தில் நாயகனின் அக்காவாக நமது மண்ணின் பெண்ணாகவே மாறியவர். ‘சிவரஞ்சனியும் இன்னும் சில பெண்களும்’ படத்துக்காகச் சிறந்த துணை நடிகைக்கான தேசிய விருதை வென்றவர். குறும்படம் வசூலை நம்பியிருப்பதில்லை. ஆகவே நாற்பது வயதுத் தாயையோ, பிழைப்புக்கு ஓடும் பெண்ணையோ கதையின் நடுவில் வைக்க அதற்குத் துணிவு வருகிறது. நடிகைக்கு அங்கே கூலி சொற்பம். ஆனால் முழு வேடம் கிடைக்கிறது.

இனிப் பணத்தின் கதை. சஜின் பாபு இயக்கிய ‘பிரியாணி’ படத்தில் கதீஜா என்ற இஸ்லாமியப் பெண்ணாகக் கனி நடித்தார். 2019-ஆம் ஆண்டுக்கான கேரள அரசின் சிறந்த நடிகை விருது அதற்காகக் கிடைத்தது. மாஸ்கோ விழாவிலும் பாராட்டப்பட்டது. கான் வெற்றிக்குப் பிறகு, பாலஸ்தீனத்துக்கு ஆதரவாகத் தர்பூசணி வடிவக் கைப்பையோடு செங்கம்பளத்தில் நடந்தவர் முஸ்லிம்களை ஒரே அச்சில் வார்க்கும் படமொன்றில் ஏன் நடித்தார் என்ற கேள்வி எழுந்தது. அவர் சுற்றி வளைக்கவில்லை. அந்தப் படத்தின் அரசியலில் தமக்கு உடன்பாடு இல்லை என்பதை இயக்குநரிடமே சொல்லியிருந்ததாகவும், அப்போது வங்கியில் இருந்தது மூவாயிரம் ரூபாய்தான் என்றும், எழுபதாயிரம் ரூபாய்ச் சம்பளம் தேவைப்பட்டதால் நடித்ததாகவும் பேட்டியில் சொன்னார்.

இந்தப் பதில் பலருக்குக் கசந்தது. கலைஞர் என்றால் கொள்கைக்காகப் பட்டினி கிடக்க வேண்டும் என்று, மாதச் சம்பளம் வாங்குகிற நாம் எதிர்பார்க்கிறோம். எனக்கு அந்தப் பதில் அவரது தொழிலைப் பற்றிய மிகத் தெளிவான விளக்கமாகப் படுகிறது. மாநில அரசின் உயரிய நடிப்பு விருதைப் பெற்றுத் தந்த வேடத்தின் கூலி எழுபதாயிரம். ஒரு படத்துக்காக மாதக்கணக்கில் உடலையும் மனத்தையும் ஒப்படைக்கும் நடிகைக்கு, அடுத்த வேலை எப்போது வரும் என்று தெரியாத நிலையில், அந்தத் தொகை எத்தனை மாத வாடகை என்று கணக்கிட்டுப் பார்த்தால், ‘எந்த வேடத்தையும் செய்யக்கூடியவர்’ என்ற புகழுரையின் மறுபக்கம் தெரியும். எந்த வேடத்தையும் மறுக்க முடியாதவராக இருப்பதும் அதனுள் கலந்திருக்கிறது. இந்த இரண்டையும் பிரித்துப் பார்க்காத பாராட்டுரைகள் எனக்கு உவப்பானவையல்ல. படத்தின் பார்வையோடு உடன்படாமலே அதன் பாத்திரத்துக்கு முழு உயிரைக் கொடுப்பது நேர்மையா என்று ஒருவர் கேட்கலாம். கேட்பதில் நியாயம் உண்டு. ஆனால் அந்தக் கேள்வியை எழுபதாயிரம் வாங்கியவரிடம் மட்டும் கேட்டுவிட்டு, கோடிகளில் வாங்குகிறவர்களிடம் கேட்காமல் விடுவது நியாயமாகாது.

நிலைமையை மாற்றியது ஓடிடி தளங்களின் தொடர்கள். 2021-இல் ‘மகாராணி’ தொடரில், பீகார் முதலமைச்சராகிவிட்ட கிராமத்துப் பெண்ணுக்குத் துணைநிற்கும் செயலர் காவேரி ஸ்ரீதரனாக வந்தார். 2024-இல் ரிச்சி மேத்தாவின் ‘போச்சர்’ தொடரில் வன அதிகாரி. அபிஷேக் சௌபேயின் ‘கில்லர் சூப்’ தொடரில், தமிழ்நாட்டு மலையூராகக் கற்பனை செய்யப்பட்ட மைஞ்சூரில் ஒரு பாத்திரம். ‘நாகேந்திரன்ஸ் ஹனிமூன்ஸ்’ என்ற மலையாளத் தொடரில் நகைச்சுவை. இந்தி, மலையாளம், ஆங்கிலம் என மொழிகள் மாறின. இந்தத் தொடர்கள் ஒவ்வொன்றும் அவரது ஆற்றலுக்கு ஏற்றவை என்று நான் சொல்ல மாட்டேன். சிலவற்றில் அவரை வீணடித்திருக்கிறார்கள். ஆயினும் தொடர்களின் ஊதியம் இருப்பதால்தான், சிறிய படங்களுக்கு நாள்களை ஒதுக்க ஒரு சுயாதீன நடிகையால் முடிகிறது. மேடை உடலைத் தந்தது, குறும்படம் வேடத்தைத் தந்தது, தொடர் வாடகையைத் தந்தது என்று கணக்கெழுதலாம். ஷுச்சி தலாட்டியின் ‘கேர்ள்ஸ் வில் பி கேர்ள்ஸ்’ படம் அந்த அவகாசத்தில் விளைந்தது. இமயமலைப் பகுதியின் உறைவிடப் பள்ளியில் படிக்கும் மகளின் காதலனை வீட்டுக்கு அழைத்து உபசரிக்கும் தாயாக அதில் நடிக்கிறார். அந்த உபசரிப்பு மகள் மீதுள்ள அக்கறையா, மகளோடு போட்டியா என்பது கடைசிவரை நமக்குப் பிடிபடுவதில்லை. என் பார்வையில், பிரபாவைவிட இந்தத் தாய் வேடம்தான் கடினமானது. பிரபா மௌனத்தில் ஒளிந்துகொள்ளலாம். இவளோ சிரித்துப் பேசிக்கொண்டே ஒளிய வேண்டும்.

2020-இல் கேரள அரசின் விருது அறிவிக்கப்பட்டபோது, கனி அதை பி. கே. ரோஸிக்குச் சமர்ப்பித்தார். இந்த இடத்தில் கதை நமது எல்லைக்குள் வந்துவிடுகிறது. மலையாளத்தின் முதல் திரைப்படமான ‘விகதகுமாரன்’ படத்தை எடுத்த ஜே. சி. டேனியல் கன்னியாகுமரி மாவட்டத்து அகஸ்தீஸ்வரத்தோடு தொடர்புடையவர். அதில் நாயர் பெண்ணாக நடித்த ரோஸி, தமிழும் மலையாளமும் கலந்த காக்காரிசி நாடகத்தில் தேறிய தலித் பெண். திருவனந்தபுரம் கேப்பிட்டல் அரங்கில் படம் திரையிடப்பட்டபோது, தலித் பெண் நாயர் பெண்ணாக நடிப்பதா என்று ஆத்திரமடைந்த கூட்டம் திரையின் மீது கல்லெறிந்தது. ரோஸியின் குடிசையும் தாக்கப்பட்டது. அவர் லாரி ஒன்றில் ஏறித் தமிழ்நாட்டுப் பக்கம் தப்பி வந்து, அந்த ஓட்டுநரையே மணந்து, ராஜம்மாளாக நாகர்கோவிலில் வாழ்ந்து மறைந்தார். பிறகு நடிக்கவே இல்லை. டேனியலும் கையிலிருந்த சொத்தையெல்லாம் இழந்து, 1975-இல் அகஸ்தீஸ்வரத்தில் இறந்தார். தமிழ்நாட்டில் வசிக்கிறார் என்று சொல்லிக் கேரள அரசு அவருக்கு உதவித்தொகை மறுத்ததும், பிறகு அவர் பெயரிலேயே மாநிலத்தின் உயரிய திரைப்பட விருதை நிறுவியதும் வேறொரு வேடிக்கை.

ரோஸிக்கு நேர்ந்ததைக் கேரளத்தின் வெட்கமாக மட்டும் நாம் பேசிவிட முடியாது. நம் ஊர்களிலும் மேடையேறிய பெண் ஏச்சு வாங்காமல் இறங்கியதில்லை. வில்லுப்பாட்டில் தலைமைப் பாடகியாக இருந்து, கன்னியாகுமரி, நெல்லைப் பகுதிகளின் கோயில் கொடைகளில் ஊர் ஊராகப் பாடிப் பெயர்பெற்று, 2018-இல் மறைந்த பூங்கனி அம்மாளைப் போன்றவர்கள் விதிவிலக்குகள். அவர்களது குரல்வளமும் கதை சொல்லும் ஆற்றலும் திரைக்கு வரவே இல்லை.

இப்போது திருநெல்வேலிச் சீமையில் எடுக்கப்படும் படங்களுக்குக் குறைவில்லை. மாரி செல்வராஜின் ‘பரியேறும் பெருமாள்’ வந்ததிலிருந்து நமது பேச்சுவழக்கும் வாழைத்தோட்டமும் கொடையும் திரையில் நிறையவே தெரிகின்றன. ஆனால் ‘பரியேறும் பெருமாள்’ படத்தின் ஆனந்தி தெலங்கானாவைச் சேர்ந்தவர்; ‘கர்ண’னின் ரஜிஷா விஜயன், ‘வாழை’யின் நிகிலா விமல், ‘பைசன்’ படத்தின் அனுபமா பரமேஸ்வரன் மூவரும் கேரளத்தவர். அவர்களது நடிப்பில் எனக்குக் குறையில்லை. இயக்குநர் மீதும் புகாரில்லை, ஏனென்றால் கூத்துக் கலைஞர் வண்ணார்பேட்டை தங்கராசைப் ‘பரியேறும் பெருமாள்’ நாயகனின் தந்தையாக நிறுத்தி மறக்க முடியாதபடி செய்தவர் அவர்தாம். அதற்கு இணையாக ஒரு பெண் இந்த மண்ணிலிருந்து எழுந்து வரவில்லை என்பதுதான் கேள்வி. கேரளத்திலிருந்து நடிகைகள் வருவதை ‘நிறம்’, ‘முகவெட்டு’ என்று சொல்லிக் கடந்துபோகிறவர்கள் இங்கே பலர். அதில் உண்மை இல்லாமலில்லை. ஆனால் அது மேலோட்டமான காரணம். அங்கே மேடைப் பயிற்சி, குறும்பட வட்டம், திரைப்பட விழா, அரசு விருது ஆகியவை ஒன்றையொன்று தாங்கி நிற்கின்றன. அதனால் ஒரு பெண் தன் முப்பத்தெட்டாவது வயதில்கூட முதன்மை வேடத்துக்கு வந்துசேர முடிகிறது.

பயிற்சியைப் பொறுத்தவரை நமது நிலை சற்று விசித்திரமானது. திருநெல்வேலியின் பல்கலைக்கழகம் ஒரு நாடகத்தின் பெயரைத் தாங்கி நிற்கிறது. 1891-இல் ‘மனோன்மணீயம்’ எழுதிய சுந்தரம் பிள்ளை நெல்லையில் ஆசிரியராக இருந்துவிட்டுத் திருவனந்தபுரத்தில் பேராசிரியராக வாழ்ந்தவர். தமிழ் நாடக உலகின் தலைமையாசிரியராகக் கொண்டாடப்படும் சங்கரதாஸ் சுவாமிகள் அக்காலத் திருநெல்வேலிச் சீமையின் தூத்துக்குடிப் பகுதியில் பிறந்தவர். அவர் பெயரிலான நிகழ்கலைப் பள்ளியோ புதுச்சேரியில் இருக்கிறது. பாளையங்கோட்டையில் நாட்டார் வழக்காற்றியலை ஆராயலாம்; காட்சித் தொடர்பியல் படித்துக் கேமரா பிடிக்கலாம்; கோவில்பட்டியை மையமாகக் கொண்டு முருகபூபதியின் மணல்மகுடி போன்ற குழுக்கள் தீவிரமாக இயங்கியதையும் மறுப்பதற்கில்லை. ஆனால் நடிப்பை முறையாகப் பட்டப் படிப்பாகப் பயில விரும்பும் பெண் தஞ்சாவூருக்கோ புதுச்சேரிக்கோ போக வேண்டும். பி.எட். படிக்க அனுப்பவே யோசிக்கும் வீட்டில் இதைச் சொல்லிப் புரியவைப்பது எளிதன்று.

பயிற்சி முடிந்த பிறகு வேடம் தருவது யார் என்பது அதைவிடக் கடினமான கேள்வி. கேரளத் திரைப்பட வளர்ச்சிக் கழகம் பெண் இயக்குநர்களுக்காக ஒரு திட்டம் தொடங்கி, படம் ஒன்றுக்கு ஒன்றரைக் கோடி ரூபாய் வரை ஒதுக்கியது. அதில் முதலில் உருவான இரண்டு படங்களில் ஒன்று தாரா ராமானுஜன் இயக்கிய ‘நிஷித்தோ’. கொச்சியில் பிழைக்க வந்த வங்காளித் தொழிலாளிக்கும் ஒரு தமிழ்ப் பெண்ணுக்கும் இடையில் வளரும் உறவைச் சொல்லும் அந்தப் படத்தில், தமிழ்ப் பெண் சாவியாக நடித்தவர் கனிதான். கதைக்கு மையம் பெண், இயக்குநர் பெண், பணம் அரசுடையது; வசூலைக் காட்டி நாயகனைத் திணிக்க யாருமில்லை. தமிழ்நாட்டிலும் சிறு முதலீட்டுத் தரமான படங்களுக்கு அரசு 7 லட்சம் ரூபாய் மானியம் தரும் திட்டம் உண்டு. ஆனால் அது எடுத்து முடித்த படத்துக்குத் தரப்படும் தொகை. எடுப்பதற்கு முன்பே ஒரு கதையை நம்பித் தரப்படும் பணமாக அது இல்லாதவரை, நெல்லைத் தமிழ் பேசும் பெண்ணைக் கதையின் நடுவில் வைத்துப் படமெடுக்க நினைக்கும் இளம் இயக்குநர் முதலில் தேட வேண்டியிருப்பது நடிகையை அல்ல, தயாரிப்பாளரை. அந்தத் தயாரிப்பாளர் கேட்கும் முதல் கேள்வி கதாநாயகன் யார் என்பதாகவே இருக்கும்.